பால் குடித்த ஜனாதிபதி

எங்கள் தெருவில் யாரும் ஜனாதிபதி திருடுவதைக் கண்ணால் பார்த்ததில்லை. திருடுகிறார் என்று தெரியும். மழை பெய்யும், கொசு கடிக்கும், ஜனாதிபதி திருடுவார். அக்டோபரில் ‘அரண்மனைப் பால்’ படம் வந்த பிறகுதான் முதல்முறையாகப் பார்த்தோம். பெரிய திரையில், மூக்கு மயிர் தெரியும் நெருக்கத்தில் பார்த்தோம். திருடியவன் வெலிங்டன் தொமாலா. என் வீட்டிலிருந்து இரண்டு வீடு தள்ளி இருப்பவன்.

வெலிங்டனுக்கு ஆட்டோ ஓட்டுவது தொழில். நடிப்பு அவனுக்கு ஆறாத சொறி மாதிரி. புனித வெள்ளி ஊர்வலத்தில் யூதாஸ் அவன்தான். வருடக் கடைசி நாளில் பாவாடை கட்டி முகத்திரை போட்டு, செத்துப்போகிற ஆண்டுக்கு விதவையாக நடுரோட்டில் உருண்டு அழுது, கார்களை மறித்துக் காசு கேட்பவனும் அவன்தான். மலைமேல் இருக்கும் தலைநகர் கீட்டோவிலிருந்து வந்த ஓர் இயக்குநர், அவன் யூதாஸாக முத்தம் கொடுத்ததைப் பார்த்துவிட்டுக் கையோடு கூட்டிக்கொண்டு போனார். மலைக்காரர்களுக்கு எங்கள் குவாயாகில் துறைமுகத்துக்காரன் முகத்தைப் பார்த்தால் திருடன் ஞாபகம்தான் வரும் என்று தெருவில் பேசிக்கொண்டோம். ஆனாலும் எங்களுக்குப் பெருமைதான்.

படத்தில் ஜனாதிபதி பள்ளிக் குழந்தைகளுக்குப் போகவேண்டிய பாலை நிறுத்திவிட்டு, அந்தப் பணத்தைப் பெட்டியில் வாங்கிக்கொள்கிறார். அரண்மனையின் பின்வாசலில் நின்று தன் கையாலேயே வாங்குகிறார். பிறகு செருப்பைத் தேய்த்துக்கொண்டு சமையலறைக்குப் போய், ஒரு குவளை பால் ஊற்றிக் குடித்து, மேலுதட்டைப் புறங்கையால் துடைத்துவிட்டு, லேசாகச் சிரிக்கிறார். வசனம் கிடையாது. அந்தத் துடைப்புக்காகத்தான் படம் ஓடியது. தெருப் பிள்ளைகள் தண்ணீர் குடித்தாலும் அப்படித்தான் துடைத்தார்கள். பங்குச் சாமியாரே பூசையில் திராட்சை இரசம் குடித்துவிட்டு அப்படித் துடைத்தார் என்று சொன்னார்கள். நான் பார்க்கவில்லை. பூசை நேரத்தில் நான் தூங்குகிறவன்.

படம் ஓடியது. வெலிங்டன் பழையபடி ஆட்டோ ஓட்டினான்.

“ஜனாதிபதி வண்டிடி. ஏறாத, மீதிச் சில்லறை வராது” என்று பெண்கள் சத்தமாகச் சொல்லிவிட்டு ஏறினார்கள். அவன் கண்ணாடியில் பார்த்து உதட்டைத் துடைத்துக் காட்டுவான். வண்டியே குலுங்கும்.

குலுங்காத ஒரே ஆள் என் மனைவி நர்சிசா.

படம் பார்த்துவிட்டு பஸ்ஸில் திரும்பினோம். வீட்டுக்கு வந்து, குழந்தையை வலைத்தொட்டிலில் போட்டு ஆட்டிக்கொண்டே சொன்னாள்.

“ஞானஸ்நானத்துக்கு ஞானத்தகப்பனா வேற ஆளப் பாரு.”

“எதுக்கு?”

“எதுக்கா? புள்ளைங்க பாலத் திருடினவன் கையில என் புள்ளையக் குடுக்கணுமா?”

“நர்சிசா, அது படம்.”

“படம்னு எனக்குத் தெரியாதா? நான் என்ன மண்டூகமா?”

“அப்புறம்?”

“உள்ளுக்குள்ள இல்லாம அப்படி ஒரு சிரிப்பு வருமா? அந்தாளுக்குள்ள ஒரு ஜனாதிபதி உக்காந்திருக்கான். இத்தன நாள் நமக்குத் தெரியல, அவ்வளவுதான்.”

“யூதாஸா நடிச்சப்போ நீ ஒண்ணும் சொல்லலையே.”

“யூதாஸ் தூக்குப் போட்டுக்கிட்டான். இவன் பால் குடிச்சான்.”

நான் சட்டம் படிக்கப் போய் இரண்டாம் வருடத்தில் நின்றவன். இப்போது இறால் ஆலையில் இரவு வேலை. இந்த வாதத்துக்கு என்ன பதில் என்று கல்லூரியில் சொல்லித்தரவில்லை. நான் நின்ற பிறகு சொல்லித்தந்திருக்கலாம்.

குழந்தை தோமெனிகா பிறந்த அன்று நான் ஆலையில் இருந்தேன். நர்சிசாவுக்கு வலி எடுத்ததும் ஆட்டோவில் தூக்கிப் போட்டு மருத்துவமனைக்குக் கொண்டுபோனவன் வெலிங்டன். ஆட்டோவுக்கு யார் வழி விடுவார்கள்? வழி முழுக்க வாயாலேயே ஆம்புலன்ஸ் சத்தம் கொடுத்தான். லாரிகள் ஒதுங்கின. ஒரு போலீஸ்காரர் சல்யூட் அடித்தாராம். நான் போய்ச் சேர்ந்தபோது அவனுக்குத் தொண்டை கட்டியிருந்தது. “ஞானத்தகப்பன் நான்தான்” என்று காற்றாகச் சொன்னான். நர்சிசா கட்டிலில் படுத்தபடியே தலையாட்டினாள். அவனுக்குப் பிள்ளை இல்லை. இனிமேல் பிறக்கவும் வழியில்லை. எங்கள் பக்கத்தில் ஞானத்தகப்பன் என்றால் பாதித் தகப்பன். பள்ளிக்கூடத்திலும் கல்யாணத்திலும் அவனுக்கு நாற்காலி உண்டு.

இப்போது அந்த நாற்காலியில் நர்சிசா தன் அண்ணன் ஹசின்தோவை உட்காரவைத்தாள். ஹசின்தோவுக்குத் துறைமுகத்தில் ஏதோ சரக்கு அலுவலகத்தில் வேலை. எந்த அலுவலகம் என்று அவர் சொன்னதில்லை. சம்பளம் ஒரு மாடி கட்டப் போதாது. வீடு மூன்று மாடி. “அண்ணன் சிக்கனக்காரரு” என்பாள் நர்சிசா. நான் ஒன்றும் சொன்னதில்லை. சொன்னால் பகலிலும் ஆலையிலேயே தூங்க வேண்டிவரும்.

விஷயம் காதுக்கு எட்டியதும் வெலிங்டன் வந்தான். தலையைத் தண்ணீர் போட்டுச் சீவி, சட்டைப் பொத்தான் எல்லாம் மாட்டியிருந்தான்.

“தங்கச்சி, யாரோ என்னமோ சொன்னாங்க.”

“யாரோ இல்ல, நான்தான் சொன்னேன். உக்காருங்கண்ணே. ஒரே ஒரு கேள்வி.”

“கேளு.”

“அந்தப் பால் சீன். நீங்க வாயத் துடைச்சீங்கல்ல, சிரிச்சீங்கல்ல. அது அந்த மலைக்காரரு செய்யச் சொன்னதா, நீங்களாச் செஞ்சதா?”

நான் இருமினேன். இயக்குநர் சொன்னார் என்று இரண்டே வார்த்தை. வழக்கு முடிந்துவிடும். இன்னொருமுறை பலமாக இருமினேன். வெலிங்டனின் நெஞ்சு விரிந்தது.

“அவரா? அவருக்கு என்ன தெரியும்! என்னச் சத்தமாச் சிரிக்கச் சொன்னாரு தங்கச்சி. பேய்ப் படத்துல சிரிப்பானே, அந்த மாதிரி. நான்தான் சொன்னேன், ஐயா, வயிறு முட்ட எடுத்தவன் சத்தம் போடமாட்டான், வாயத் துடைச்சுக்குவான்னு. அசந்துட்டாரு மனுஷன்!”

“வயிறு முட்ட எடுத்தவன் என்ன செய்வான்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“அது… கவனிக்கிறதுதான்.”

“யாரக் கவனிச்சீங்க?”

“யாரையுமில்ல. எனக்குள்ளதான் தேடினேன். ஆழமாப் போயித் தேடினேன். அங்க இருந்துச்சு!”

நர்சிசா என்னைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். குற்றவாளி தானே நடந்துவந்து, உட்கார்ந்து, கேட்டதற்கு மேலேயே ஒப்புக்கொள்வதைப் பாடப் புத்தகத்தில்கூட நான் படித்ததில்லை.

வாசலில் அவனைப் பிடித்தேன்.

“இயக்குநர் சொன்னாருன்னு சொல்லித் தொலைய வேண்டியதுதானடா!”

“எப்படிடா சொல்லுவேன்? பொறந்ததுலேருந்து நான் உருப்படியாச் செஞ்சது அது ஒண்ணுதான்.”

“அப்போ புள்ள?”

அவன் ஆட்டோவின் கைப்பிடியைத் தடவிக்கொண்டு நின்றான்.

“புள்ளையும் வேணும்” என்றான்.

அடுத்த வாரமே ஒரு வழி கண்டுபிடித்தான். திருடனாக நடித்து நம்பவைத்தவனால் நல்லவனாக நடித்து நம்பவைக்க முடியாதா? பெண்களின் கேஸ் சிலிண்டரைத் தோளில் தூக்கிக்கொண்டு போனான். சிலிண்டர் கேட்காத வீட்டுக்கும் தூக்கிக்கொண்டு போனான். கிறிஸ்துமஸுக்கு முன்பே தெருப் பிள்ளைகளுக்கு மிட்டாய்ப் பை கொடுத்தான். எதிர்ப்பட்ட குழந்தைகளையெல்லாம் தூக்கி முத்தம் கொடுத்தான். வயதானவர்களிடம் கையைப் பிடித்துக்கொண்டு குறை கேட்டான்.

தெருவுக்கு ஒரே நாளில் புரிந்துவிட்டது.

“எந்தக் கட்சிடா?” என்று சலூன்காரர் கேட்டார்.

“கட்சியெல்லாம் இல்லண்ணே, சும்மா.”

“எல்லாரும் மொதல்ல சும்மான்னுதான் வருவாங்க. மிட்டாய்ப் பையில உன் படம் போட மறந்துட்ட பாரு.”

அந்த வாரக் கடைசியில் நிஜமாகவே ஒரு கட்சிக்காரர் வந்தார். இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டை, வாயில் வெள்ளைப் பல். நகர சபைத் தேர்தலுக்கு நிற்கிறாயா என்று கேட்டார்.

“என்னைத் திருடன்னுல்ல எல்லாரும் நெனைக்கிறாங்க!” என்றான் வெலிங்டன்.

“அத விடு தம்பி. முகம் தெரியுதுல்ல?”

வெலிங்டன் அவரை ஆட்டோவில் ஏற்றி, காசு வாங்காமல் பஸ் நிலையத்தில் இறக்கிவிட்டு வந்தான். நர்சிசா தெரு மூலையில் வாழைக்காய் உருண்டை பொரித்து விற்றுக்கொண்டே அந்தச் சட்டையை மட்டும் பார்த்தாள். இறக்கிவிட்டதை அவள் பார்க்கவில்லை. “ஆரம்பிச்சாச்சு பாத்தியா?” என்றாள் என்னிடம்.

டிசம்பர் நடுவில் பொம்மைக் கடைகள் முளைத்தன. வருடக் கடைசியில் தெருவுக்குத் தெரு வைத்து எரிக்கிற காகிதப் பொம்மைகள். எப்போதும் அரண்மனையில் இருப்பவர் முகம்தான் அதிகம் விற்கும். இந்த வருடம் கடை கடையாக வெலிங்டன் தொங்கினான். கழுத்தில் ஜனாதிபதிப் பட்டை, கையில் பால் குவளை. நானும் அவனும் போய்க் கடைக்காரரிடம் முறையிட்டோம்.

“உண்மையான ஆள எரிங்கய்யா. நான் நடிகன்.”

“உண்மையான ஆளு என்ன பண்ணினாருன்னு யாருக்குத் தெரியும் தம்பி? விசாரண நடக்குதாம். ஒரு மனுஷன் மேல அனாவசியமாப் பழி சொல்லக் கூடாது. நீ பண்ணினத நாங்க குடும்பத்தோட டிக்கெட் வாங்கிப் பாத்தோம்.”

வெலிங்டன் ஒரு பொம்மையை இறக்கி, திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

“மூக்கு சரியில்ல. இப்படியா சப்பையா இருக்கு?” என்று சண்டை பிடித்தான்.

அவனோடு வேறு எங்கும் போவதில்லை என்று அப்போது முடிவு செய்தேன்.

ஞானஸ்நானம் ஜனவரி முதல் ஞாயிறு. அதற்கு முந்தைய ஞாயிறு மதியம் ஹசின்தோ மச்சான் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வந்தார். கயிறு கயிறாகக் கோத்த நண்டுகளோடு வந்தார். எங்கே வாங்கினீர்கள் என்று கேட்டேன். “யாரோ குடுத்தாங்க மாப்ளே” என்றார். அவருக்கு எப்போதும் யாரோ கொடுப்பார்கள்.

நான் வெலிங்டனையும் கூப்பிட்டிருந்தேன். “சாப்பிட யாரு வேணா வரலாம்” என்று நர்சிசா விட்டுவிட்டாள். மேசையில் செய்தித்தாள் விரித்து, ஆளுக்கொரு பலகையும் மரச் சுத்தியும் வைத்து, வெங்காயமும் கொத்தமல்லியும் மிதக்க வெந்த நண்டை நடுவில் கொட்டினாள். கொஞ்ச நேரம் பட்டறை மாதிரி சத்தம் மட்டும்தான். வெலிங்டன் அடிக்கு ஒருமுறை தொட்டிலைத் திரும்பிப் பார்த்தான்.

ஹசின்தோ சுத்தி தொடவில்லை. கொடுக்கைக் கடைவாயில் வைத்து ஒரே கடி. அவருடைய பற்கள் அப்படி.

“உங்க படம் பாத்தேன் தம்பி” என்றார் வெலிங்டனிடம்.

வெலிங்டன் நிமிர்ந்து உட்கார்ந்தான். “எப்படிண்ணே இருந்துச்சு?”

“கோவிச்சுக்கக் கூடாது. நல்லால்ல.”

சுத்திகள் நின்றன.

“நீங்க கெட்டிக்காரர்தான். ஆனா உங்களுக்கு விஷயம் தெரியல. ஒரு ஜனாதிபதி பின்வாசல்ல நின்னு தன் கையால பெட்டி வாங்குவாரா? பெட்டியெல்லாம் இப்போ யாரு தூக்குறா?”

“பின்ன எப்படி வாங்குவாங்களாம்?” என்றான் வெலிங்டன். குரலில் சூடு ஏறியிருந்தது.

“வாங்கவே மாட்டாங்க. தூரத்துச் சொந்தம் ஒண்ணு இருக்கும். வயசானது, ஒண்ணும் தெரியாதது. அது பேர்ல கடற்கரையோரமா ஒரு வீடு வந்து உக்காரும். அவ்வளவுதான். பெட்டி எங்க வந்துச்சு இதுல?”

நர்சிசா ஒரு நண்டுக் காலை எடுத்தாள். உடைக்காமல் கையிலேயே வைத்திருந்தாள்.

“நம்ம உபால்தினா அத்தைக்குக் கடற்கரையில வீடு இருக்குன்னு யாரோ சொன்னாங்களே அண்ணா. அத்தை கடலையே பாத்ததில்லையே.”

“அது வேற” என்றார் ஹசின்தோ, இன்னொரு கொடுக்கைக் கடித்தபடி. “அடுத்தது அந்தக் கையெழுத்து. பால நிறுத்துறதுக்கு அவரே கையெழுத்துப் போடுறாரு! நான் தியேட்டர்லயே சிரிச்சுட்டேன். அந்த மாதிரி நாளுல ஆபீசுக்கே போகக் கூடாது. பல்வலின்னு லீவு போடணும். பக்கத்து சீட்டுக்காரன் போடுவான் கையெழுத்து.”

“உனக்கு அடிக்கடி பல்வலி வருமே அண்ணா” என்றாள் நர்சிசா மெதுவாக.

“வரும். வந்தா உசுரு போயிரும்” என்றார். வாயில் கொடுக்கு படீரென்று உடைந்தது.

நான் தலையைக் குனிந்து நண்டில் கவனமாக இருந்தேன். இந்த நேரத்தில் சிரித்தால் எல்லாம் கெட்டுவிடும். ஆனால் கெடுப்பதற்கு நான் தேவைப்படவில்லை, வெலிங்டன் இருந்தான்.

“அண்ணே, பத்திரிகையில எல்லாம் எழுதியிருக்கான், உண்மையான திருடன் மாதிரியே இருக்குன்னு!”

“பத்திரிகைக்காரனுக்கு என்ன தெரியும்? பால யாராவது முழுசா நிறுத்துவாங்களா? மறுநாளே மாட்டிக்குவாங்க. பால் வரணும். தண்ணியா வரணும். புள்ள குடிக்கும், வாத்தியாரு குடிப்பாரு, யாரும் வாயத் தெறக்க மாட்டாங்க.”

“சரி, அதெல்லாம் கதை எழுதினவன் தப்பு. என் நடிப்பு? அந்தச் சிரிப்பு?”

“அதுதான் இருக்கறதிலயே தப்பு” என்றார் ஹசின்தோ. பரிதாபமாகத் தலையாட்டினார். “எங்க தம்பி சிரிப்பு வரும்? ராத்திரி நாய் குலைச்சா எழுந்து உக்காரணும். புது ஆளு ஆபீசுக்கு வந்தா ஒரு வாரம் சோறு எறங்காது. சிரிக்கிறாராம்ல, சிரிப்பு!”

அவர் மட்டும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். தான் ஒரு படத்துக்கு விமர்சனம் சொல்லிக்கொண்டிருப்பதாகத்தான் அவர் கடைசிவரை நினைத்தார். எனக்கு அந்த ஒரு நிமிடம் அவர் மேல் இரக்கம் வந்தது. பிறகு மூன்று மாடி ஞாபகம் வந்ததும் இரக்கம் போய்விட்டது.

நர்சிசா நண்டுக் காலைக் கீழே வைத்தாள். அண்ணனைப் பார்க்கவில்லை.

“வெலிங்டன்ணே.”

“சொல்லு தங்கச்சி.”

“அவரு சொன்னதெல்லாம் உங்களுக்கு முன்னாடியே தெரியுமா? அத்தை பேர்ல வாங்குறது, லீவு போடுறது, தண்ணி கலக்குறது. தெரிஞ்சுதான் நடிச்சீங்களா?”

அவன் முகத்தில் ஓடியது முழுவதும் எனக்குத் தெரிந்தது. தெரியும் என்று சொன்னால் அவன் பெரிய நடிகன். எல்லாம் தெரிந்திருந்தும் இயக்குநர் செய்யவிடவில்லை என்று கதை கட்டலாம். கட்டிக்கொண்டும் இருந்தான், உதடு அசைந்தது. தெரியாது என்று சொன்னால் ஊர் முழுக்கத் தொங்கும் அந்தப் புகழ், ஒன்றும் தெரியாத ஓர் ஆட்டோக்காரன் குத்துமதிப்பாக அடித்த அடி என்று ஆகிவிடும். தொட்டிலில் தோமெனிகா முனகினாள். மேசைக்கு அடியில் அவன் காலை மிதிக்கலாமா என்று யோசித்தேன். மிதிக்கவில்லை. மிதித்துச் சொல்லவைத்தால் அது நான் சொன்னதாகிவிடும்.

“தெரியாது” என்றான் வெலிங்டன்.

“கேக்கலண்ணே.”

வருடா வருடம் நடுரோட்டில் உருண்டு அழுதவன். லாரிகளை வாயாலேயே ஒதுக்கியவன். இப்போது அவனுக்குக் குரல் எழும்பவில்லை.

“தெரியாது தங்கச்சி. ஒரு எழவும் தெரியாது. சும்மா தோணினத செஞ்சேன்.”

“அதத்தானே நான் வந்ததுலேருந்து சொல்லிட்டிருக்கேன்!” என்றார் ஹசின்தோ.

நர்சிசா எழுந்து தொட்டிலுக்குப் போனாள். குழந்தையைத் துணியோடு தோளில் தூக்கிப் போட்டுக்கொண்டு வந்து மேசைக்கு முன்னால் நின்றாள்.

“கையக் கழுவிட்டு வாங்க. புள்ளையத் தூக்கிப் பழகணும்ல.”

ஹசின்தோ விரல்களைச் செய்தித்தாளில் துடைத்துக்கொண்டு பாதி எழுந்தார்.

“நீ சாப்பிடு அண்ணா” என்றாள். அவர் பலகையில் இன்னும் இரண்டு நண்டை எடுத்து வைத்தாள். “வெலிங்டன்ணே, சோப்பு போட்டுக் கழுவுங்க.”